புக்கிட் பாத்தோக்கில் ஒரு காலக் கல்

புக்கிட் கோம்பாக் எம்ஆர்டி நிலையத்திலிருந்து வெளியே வந்து, அடுக்குமாடி வீடுகளின் ஓரமாகச் சில நிமிடம் நடந்தால் போதும். சாலை சட்டென்று ஒரு பச்சை நீர்நிலையின் கரையில் கொண்டுபோய் நிறுத்துகிறது. எதிர்க்கரையில் செங்குத்தாகப் பாறைச் சுவர்கள். தண்ணீருக்கு நடுவே தனியாக எழுந்து நிற்கும் பாறைத் தீவு ஒன்று, அதன் தலையில் செடிகொடிகள். வெயில் சாயும்போது அந்தப் பாறை கறுப்பிலிருந்து செம்பழுப்புக்கு மாறி, நீருக்குள்ளும் தலைகீழாக ஒரு மலையை நிறுத்திவிடுகிறது. சிங்கப்பூரின் மேற்குப் பகுதியில் இருக்கும் புக்கிட் பாத்தோக் நகரப் பூங்கா இது. சீனாவின் குய்லின் மலைகளை நினைவூட்டுவதால் ஊர் மக்கள் இதைச் 'சின்னக் குய்லின்' என்பார்கள். சிராங்கூன் சாலையையும் மரினா பேயையும் பார்த்துவிட்டு ஊர் திரும்புகிற நம்மவர்கள் பலர் இங்கே வருவதில்லை. ஒரு மாலைப் பொழுதை இதற்கென்று ஒதுக்கி வைத்தால், சிங்கப்பூரின் மிக வயதான பொருள்களில் ஒன்றைக் கண்ணால் பார்த்து, கையால் தொட்டு வரலாம்.

காலத்தை வளைக்கும் கல், தொட்டவரை வேறு யுகத்துக்கு அழைத்துப்போகும் உலோகம் என்று மாயக்கதைகள் பல பொருள்களைக் கற்பனை செய்கின்றன. அப்படி ஒரு பொருளை உண்மையிலேயே பார்க்க முடியுமா என்ற ஆசை எனக்குச் சிறு வயதிலிருந்தே உண்டு. முடியும் என்று புக்கிட் பாத்தோக் சொல்கிறது. அதற்கு மந்திரம் எதுவும் தேவையில்லை. கல்லைப் பற்றிக் கொஞ்சம் தெரிந்திருந்தால் போதும்.

இந்த ஏரி இயற்கையாக உண்டானதன்று. ஒரு காலத்தில் இது கல்குவாரி. புக்கிட் தீமா, மண்டாய், புலாவ் ஊபின் தீவு எனச் சிங்கப்பூரின் நடுவிலும் வடக்கிலும் பரவிக் கிடக்கும் கிரானைட் பாறைதான் அந்த ஊரைக் கட்டியது. 1851-இல் ஒளி ஏற்றப்பட்ட ஹார்ஸ்பர்க் கலங்கரை விளக்கத்துக்குப் புலாவ் ஊபினிலிருந்து கல் போனது. 1924-இல் திறக்கப்பட்ட ஜொகூர் பாலத்தின் அடித்தளத்தில் ஊபின் கல்லோடு புக்கிட் தீமா வட்டாரத்துக் கல்லும் கொட்டப்பட்டது. சாலை, ரயில் பாதை, கடலோரச் சுவர், அடுக்குமாடி எல்லாவற்றுக்கும் இங்கிருந்து ஜல்லி போயிருக்கிறது. புக்கிட் பாத்தோக்கில் கல் எடுக்கும் வேலை நின்ற பிறகு, குழியில் மழைநீர் தேங்கியது. அதை மூடிவிடாமல், 1984-இல் வீடமைப்பு வளர்ச்சிக் கழகம் பூங்காவாக மாற்றியது. இன்று அதன் பரப்பு 42 ஹெக்டேர்.

கரையோரப் பெஞ்சில் உட்கார்ந்திருந்த ஒரு தமிழ்ப் பெரியவர் என் பேச்சைக் கேட்டுத் திரும்பினார்.

"ஊர்லேருந்து வந்திருக்கீங்களா, தம்பி?"

"ஆமாங்க ஐயா. சென்னை."

"இந்த மாதிரி இடத்துக்கெல்லாம் யாரும் வர மாட்டாங்களே. நான் சின்னப் பிள்ளையா இருக்கும்போது இந்தப் பக்கமெல்லாம் கல்லு உடைப்பாங்க. வெடி வெச்சா வீட்டுல சட்டி பானை எல்லாம் ஆடும். லாரி வரிசையாப் போகும். இப்ப பாருங்க, பேரப் பிள்ளைங்க மீன் பாக்கணும்னு என்னை இழுத்துக்கிட்டு வருதுங்க."

சொல்லிவிட்டு அவர் பாறையைப் பார்த்த பார்வையில் பெருமிதம் இருந்தது. தான் பார்க்க அழிந்துகொண்டிருந்த ஒன்று, தன் கண் முன்னேயே பிழைத்துக்கொண்ட பெருமிதம்.

பாதையோரத்தில் கிடந்த ஒரு பாறையில் கை வைத்தேன். வெயிலின் சூடு இன்னும் தணியவில்லை. புக்கிட் தீமா மலையில் காணும் வெளிர் சாம்பல் கிரானைட்டைவிட இங்குள்ள பாறை கறுப்பு. நிலவியலாளர்கள் இதை நோரைட் என்கிறார்கள். பெரும்பாலும் கோம்பாக் மலையைச் சுற்றியே வெளிப்பட்டிருக்கும் அடர்த்தியான, கனமான பாறை இது. இதுவும் அக்கம்பக்கத்துக் கிரானைட்டும் ஏறக்குறைய 25 கோடி ஆண்டுகளுக்கு முன்பு, நிலத்துக்கு வெகு ஆழத்தில், உருகிய குழம்பாக இருந்து மெல்ல மெல்ல ஆறி இறுகியவை. அப்போது இமயமலை கிடையாது. இந்தியா தென் அரைக்கோளத்தில் ஆப்பிரிக்காவோடும் அண்டார்க்டிகாவோடும் ஒட்டிக் கிடந்தது. மலாய்த் தீபகற்பத்தின் இரு பாதிகளுக்கு நடுவே இருந்த ஒரு பழைய கடல் மூடிக்கொண்டிருந்தது. கடலடித் தரை கண்டத்துக்குக் கீழே அமிழ்ந்து போகப் போக, மேலே பாறை உருகியது. பூமி கண்ட மிகப் பெரிய உயிர்ப் பேரழிவும் 25 கோடி ஆண்டுகளுக்குச் சற்று முன்னர்தான் நிகழ்ந்தது. கடல்வாழ் இனங்களில் பெரும்பான்மை அதில் மறைந்தன. டைனோசர்கள் இன்னும் பிறக்கவில்லை. நான் கை வைத்த கல்லின் பிறந்த காலம் அது.

அவ்வளவு பழைய காலத்தை எப்படி அறிகிறார்கள்? இந்தக் கேள்விக்கான விடையில்தான் மாயக்கதைகளை மிஞ்சும் பொருள் ஒளிந்திருக்கிறது. அதன் பெயர் சிர்க்கான். பெரும்பாலும் ஒரு மில்லிமீட்டரில் பத்தில் ஒரு பங்கு அளவுள்ள, கண்ணுக்கு எளிதில் தெரியாத படிகம். கிரானைட் குழம்பு ஆறும்போது அதற்குள் விளைகிறது. கறுப்பு நோரைட்டில் இது குறைவு, கிரானைட்டில் அதிகம். சிர்க்கோனியம், சிலிக்கான், ஆக்சிஜன் மூன்றும் சேர்ந்த கட்டமைப்பு அது. படிகம் வளரும்போது யுரேனிய அணுக்கள் வந்தால், சிர்க்கோனியம் உட்காரும் இடத்தில் அவற்றையும் உட்கார வைத்துக்கொள்கிறது. ஈய அணுக்கள் வந்தால் சேர்ப்பதில்லை. அளவும் மின்னேற்றமும் பொருந்துவதில்லை. ஆகவே பிறந்த நாளில் சிர்க்கானுக்குள் யுரேனியம் உண்டு, ஈயம் ஏறக்குறைய இல்லை.

அந்த நொடியிலிருந்து யுரேனியம் மெல்லச் சிதைந்து ஈயமாகத் தொடங்குகிறது. படிகம் கதவைச் சாத்திக்கொண்டுவிட்டதால் பிறக்கும் ஈயம் உள்ளேயே தங்கிவிடுகிறது. எவ்வளவு யுரேனியம் மிச்சம், எவ்வளவு ஈயம் சேர்ந்திருக்கிறது என்று அளந்தால் வயது தெரிந்துவிடும். 1911-இலேயே ஆர்தர் ஹோம்ஸ் என்ற ஆங்கிலேய இளைஞர் யுரேனியத்தையும் ஈயத்தையும் அளந்து பாறைகளின் வயதைக் கணித்துக் காட்டினார். இந்த முறையின் அழகு இன்னொன்றில் இருக்கிறது. சிர்க்கானுக்குள் இரண்டு கடிகாரங்கள் ஒரே நேரத்தில் ஓடுகின்றன. யுரேனியம்-238 பாதியாகக் குறைய சுமார் 447 கோடி ஆண்டு பிடிக்கும். யுரேனியம்-235 பாதியாக 70 கோடி ஆண்டு போதும். 25 கோடி ஆண்டில் முதலாவது நூற்றில் நான்கு பங்குக்கும் குறைவாகத்தான் சிதைந்திருக்கும். இரண்டாவது ஐந்தில் ஒன்றுக்கு மேல் சிதைந்திருக்கும். வேறு வேறு வேகத்தில் ஓடும் இரு கடிகாரங்களும் ஒரே விடையைச் சொன்னால், அந்த வயதை நம்பலாம். சொல்லாவிட்டால், இடையில் அந்தப் பாறைக்கு ஏதோ நேர்ந்திருக்கிறது. அதுவும் ஒரு செய்திதான்.

இன்னும் வியப்பான ஒன்று உண்டு. ஒரு பழைய பாறை உருகிப் புதிய கிரானைட் ஆகும்போது, பழைய சிர்க்கான்கள் சில உருகாமலே தப்பிவிடும். அவற்றைச் சுற்றிப் புதிய சிர்க்கான் அடுக்கு வளரும். அப்படிப்பட்ட ஒரு மணியை அறுத்து, அடுக்கடுக்காக அளந்து பார்த்தால், வெளி அடுக்கு ஒரு காலத்தையும், உள்ளே இருக்கும் கரு அதற்கும் கோடிக்கணக்கான ஆண்டு மூத்த இன்னொரு காலத்தையும் காட்டும். இறந்துபோன ஒரு மலையின் நினைவு, அடுத்த மலையின் வயிற்றுக்குள் உயிரோடு இருப்பதாகவே எனக்குப் படுகிறது. ஆஸ்திரேலியாவின் ஜேக் ஹில்ஸ் பகுதியில் கிடைத்த ஒரு சிர்க்கான் மணியின் வயது 440 கோடி ஆண்டு. பூமிக்கே வயது 454 கோடி ஆண்டுதான். அந்த மணியைப் பெற்ற பாறை தடமில்லாமல் போய்விட்டது. மணி மட்டும் மிஞ்சியிருக்கிறது.

இந்தப் பொருள் நமக்கு அந்நியமன்று. கன்னியாகுமரி மாவட்டம் மணவாளக்குறிச்சிக் கடற்கரை மணலில் சிர்க்கான் கலந்திருக்கிறது. அங்கே மத்திய அரசின் அருமண் நிறுவனம் அதை இல்மனைட், மோனசைட், கார்னெட் ஆகியவற்றோடு பிரித்தெடுக்கிறது. நம் வீட்டுத் தரை ஓடுகளின் பளிச்சென்ற வெண்மைக்குச் சிர்க்கான் தூள் உதவுகிறது. இலங்கையின் மாத்தறையில் கிடைக்கும் நிறமற்ற சிர்க்கானை 'மாத்தறை வைரம்' என்றே விற்றிருக்கிறார்கள். அதே இலங்கையில் கிடைக்கும் பச்சை நிறச் சிர்க்கான்கள் சிலவற்றின் கதை விசித்திரமானது. உள்ளே இருக்கும் யுரேனியத்தின் கதிர்வீச்சு, கோடிக்கணக்கான ஆண்டுகளில் படிகத்தின் ஒழுங்கையே குலைத்துவிட்டது. வெளியே கல்லின் வடிவம் அப்படியே இருக்கிறது. உள்ளே கண்ணாடியைப் போல் ஒழுங்கில்லாத பொருளாக மாறி, அடர்த்தியும் குறைந்து, பருத்துவிட்டது. காலத்தை அளக்கும் கல்லை, காலமே உள்ளிருந்து தின்றிருக்கிறது.

மறுநாள் காலை புக்கிட் பாத்தோக் இயற்கைப் பூங்காவுக்குப் போனேன். இதுவும் கைவிடப்பட்ட குவாரிதான். 1988-இல் அதைப் பூங்காவாக்கினார்கள். அருகே புக்கிட் பாத்தோக் குன்றின் மீது செங்குத்தாக ஏறும் படிகள் இருக்கின்றன. ஜப்பானியர் ஆக்கிரமிப்பின்போது, தங்கள் போர்வீரர்களுக்காக 'ஷோனான் சூரெய்த்தோ' என்ற நினைவுத் தூணை இங்கே எழுப்பினார்கள். கட்டும் வேலையைச் செய்தவர்கள் பிரிட்டிஷ், ஆஸ்திரேலியப் போர்க் கைதிகள். 1945-இல் தூண் தகர்க்கப்பட்டது, படிகள் தங்கிவிட்டன. மலையடிவாரத்தில், அப்பர் புக்கிட் தீமா சாலையோரம், 1942 பிப்ரவரி 15 அன்று பிரிட்டிஷார் சரணடைந்த பழைய ஃபோர்டு தொழிற்சாலை இருக்கிறது. ஒரு பேரரசு மண்டியிட்ட அந்த நாளை மூன்று தலைமுறை நினைவில் வைத்திருக்கிறது. கீழே இருக்கும் பாறைக்கோ அது கணக்கிலேயே வராத நேரம். மனிதக் காலமும் கல்லின் காலமும் இவ்வளவு அருகருகே நிற்கும் இடங்கள் அரிது.

அங்கிருந்து கிழக்கே தெரிவது புக்கிட் தீமா மலை. சிங்கப்பூரின் உச்சி அதுதான். உயரம் சுமார் 163 மீட்டர். காலம் வளைவது என்பது வெறும் உவமை அல்ல என்று சொல்ல எனக்கு இந்த மலை வேண்டும். பூமியின் ஈர்ப்பு மிகுந்த இடத்தில் காலம் மெல்ல ஓடும், ஈர்ப்பு குறைந்த உயரத்தில் சற்று வேகமாக ஓடும் என்று ஐன்ஸ்டைன் சொன்னார். 1960-இல் அமெரிக்காவின் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் பவுண்டும் ரெப்காவும் சுமார் 22 மீட்டர் உயரக் கட்டடத்திலேயே அதைச் சோதித்துக் காட்டினர். 2010-இல், வெறும் 33 சென்டிமீட்டர் உயர வேறுபாட்டுக்கே அணுக் கடிகாரங்கள் வேறு வேறு நேரம் காட்டின. அந்தக் கணக்கை இந்த மலைக்குப் போட்டுப் பார்த்தேன். உச்சியில் ஓடும் கடிகாரம், கடல் மட்டத்துக் கடிகாரத்தைவிட ஆண்டுக்கு ஒரு நொடியின் ஏறக்குறைய பதினெட்டு லட்சத்தில் ஒரு பங்கு முந்தும். இதே உயரத்தில் ஒரு கல் 25 கோடி ஆண்டு இருந்திருந்தால், கீழே கிடந்த கல்லைவிட இரண்டு நிமிடத்துக்குச் சற்று மேல் மூத்திருக்கும். உண்மையில் இந்தக் கல் அவ்வளவு காலமும் மேலே இருக்கவில்லை. ஆழத்தில் பிறந்து, மேலிருந்த சுமை மழையில் கரையக் கரைய வெளிவந்தது. ஆனாலும் அந்தக் கால வேறுபாடு உண்மை. மலையேறும் ஒவ்வொருவரும் அதன் மிக மெல்லிய பங்கைத் தம் உடலில் சுமந்துகொண்டுதான் இறங்குகிறார்கள்.

கல்லுக்குள் நடக்கும் சிதைவின் வெப்பத்தைத் தொட்டுப் பார்க்க ஆசையா? தீவின் வடக்கே செம்பவாங்கில், இதே கிரானைட்டின் வெடிப்புகள் வழியாக ஆழத்துக்கு இறங்கிய நீர் சூடேறி மேலே வருகிறது. ஊற்று வாயில் சுமார் 70 பாகை செல்சியஸ். மக்கள் முட்டையைக் கூடையில் போட்டு அந்த நீரில் வேகவைத்துச் சாப்பிடுகிறார்கள். பூமியின் ஆழத்து வெப்பத்தில், பாறைகளில் உள்ள யுரேனியம், தோரியம், பொட்டாசியம் மூன்றின் சிதைவுக்கும் பங்கு உண்டு. சிர்க்கானுக்குள் வயதை எழுதும் அதே நிகழ்வு, இங்கே ஒரு குழந்தையின் காலை உணவை வேகவைக்கிறது.

மாலையில் சிராங்கூன் சாலைக்கு வந்தேன். பூக்கடைகளும் மளிகைக் கடைகளும் கலகலத்த அந்தத் தெருவில், 19-ஆம் நூற்றாண்டில் சுண்ணாம்புக் காளவாய்கள் எரிந்தன. அதனால் தமிழர்கள் அந்த வட்டாரத்தைச் சுண்ணாம்புக் கம்பம் என்றார்கள். 1825 முதல் இந்தியாவிலிருந்து நாடுகடத்தப்பட்டு வந்த கைதிகள் இந்த ஊரின் கல்லை உடைத்தார்கள், சாலை போட்டார்கள். புனித ஆண்ட்ரூ பேராலயத்தையும் அவர்களே எழுப்பினார்கள். அதில் முதல் வழிபாடு 1861-இல் நடந்தது. அதன் சுவர்களில் பூசியது மெட்ராஸ் சுண்ணாம்புச் சாந்து. கைதிகளுக்குப் பொறுப்பாக இருந்த அதிகாரி மக்நேர் 1899-இல் எழுதிய நூலில் அதன் பக்குவத்தைப் பதிவு செய்திருக்கிறார். சிப்பிச் சுண்ணாம்பை முட்டை வெண்கருவோடும் வெல்லச் சர்க்கரையோடும் அடித்து, தேங்காய் மட்டை ஊறிய நீர் விட்டுக் குழைத்து, காய்ந்தபின் கல்லால் தேய்த்துப் பளபளப்பேற்றினார்கள். ஈரமும் வெயிலும் மாறி மாறித் தாக்கும் இந்த ஊரில் அந்த ஆலயம் இன்றும் வெள்ளை வெளேரென்று நிற்கிறது. பெயர்கூட மிஞ்சாத அந்தக் கைதிகளில் எத்தனையோ பேர் நம் கரையிலிருந்து போனவர்கள். சிங்கப்பூரின் கல்லில் நம் வியர்வையும் கலந்திருக்கிறது என்பதை அங்கே நின்றபோது முழுமையாக உணர்ந்தேன்.

இவ்வளவும் சொன்னபின், நம் ஊருக்கு வர வேண்டும். சென்னை விமான நிலையத்தில் இறங்கும்போது திரிசூலம், பல்லாவரம் குன்றுகள் கண்ணில் படும். அந்தக் குன்றுகளின் பாறைக்கு உலகப் பெயர் உண்டு: சார்னோக்கைட். கொல்கத்தாவில் இருக்கும், கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரி ஜாப் சார்னாக்கின் கல்லறைக் கல் பல்லாவரத்திலிருந்து போனது. அதை வைத்து நிலவியலாளர் தாமஸ் ஹாலண்ட் 1893-இல் அந்தப் பெயரைச் சூட்டினார். புக்கிட் கோம்பாக்கின் கறுப்பு நோரைட்டில் இருக்கும் ஹைப்பர்ஸ்தீன் என்ற கனிமம் இதிலும் இருக்கிறது. உறவு அதோடு நிற்கிறது. வயதில் பல்லாவரம் சிங்கப்பூரைப் போல் பத்து மடங்கு: சுமார் 250 கோடி ஆண்டு. அதன் சிர்க்கான்களில் யுரேனியம்-238 ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு ஈயமாகிவிட்டது. யுரேனியம்-235 பத்தில் ஒன்பது பங்குக்கு மேல் தீர்ந்துவிட்டது. விலங்கோ மரமோ பூமியில் தோன்றும் முன்பே பிறந்த கல் அது. இந்திய நிலவியல் ஆய்வு நிறுவனம் அந்த வட்டாரத்தில் ஓர் இடத்தைத் தேசிய நிலவியல் நினைவுச்சின்னமாக அறிவித்திருக்கிறது. அதைப் பார்க்கவென்று போன சென்னைவாசி எத்தனை பேர்?

அந்தக் குன்றுகளிலும் குவாரிகள் வெட்டினோம். குழிகளில் நீர் நின்றது. குளிக்கப் போன பிள்ளைகள் மூழ்கினார்கள். குப்பை லாரிகள் வந்தன. அந்தக் குழிகளின் பயன் என்ன என்பதை வறட்சி நமக்குச் சொல்லிக் கொடுத்தது. 2017-இலும் 2019-இலும் மாங்காட்டை அடுத்த சிக்கராயபுரம் குவாரிகளின் நீரைச் சுத்திகரித்துச் சென்னை குடித்தது. அப்படியிருந்தும் குவாரி என்றால் நமக்கு இன்னமும் ஒரு பள்ளம்தான்.

புக்கிட் பாத்தோக்கில் செய்தது பெரிய வித்தை ஒன்றுமில்லை. கல் எடுத்து முடிந்ததும் வேலி போட்டார்கள், பாதை அமைத்தார்கள், மரம் நட்டார்கள், நீரைக் காத்தார்கள், மக்களை உள்ளே விட்டார்கள். திரிசூலத்திலும் பல்லாவரத்திலும் அதைச் செய்யலாம். மாநகராட்சியும் நிலவியல் துறையும் பள்ளிகளும் சேர்ந்தால், 250 கோடி ஆண்டுப் பாறையை ஓரிரு ஆண்டில் ஒரு திறந்தவெளி வகுப்பறை ஆக்கிவிட முடியும். அடுத்த முறை சிங்கப்பூர் போகிறவர்கள் புக்கிட் கோம்பாக் நிலையத்தில் இறங்கி அந்தப் பாறையைப் பார்த்துவிட்டு வாருங்கள். திரும்பி வந்ததும், பல்லாவரத்துக் கல்லையும் போய்ப் பாருங்கள். பார்த்துவிட்டு, அது காக்கப்பட வேண்டும் என்று உங்கள் வார்டு உறுப்பினரிடம் ஒரு மனு கொடுங்கள்.